மச்சினனின் சுத்தமான விடைத்தாள்

மச்சினனின் விடைத்தாளில் அடித்தல் திருத்தல் ஒன்றுகூட இல்லை. அங்கேதான் எனக்குச் சந்தேகம் தட்டியது.

எங்கள் பட்டறையில் இரும்புத் தகட்டில் துளை போடும் கணினி எந்திரத்துக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது. மூட்டை தூக்குகிறவர்களுக்குத் தேர்வு வைத்து ஒருவரை எடுப்பார்கள். கேள்வித்தாள் தயாரிப்பதும் திருத்துவதும் என் வேலை. இந்தத் தடவை எழுதியவர்களில் என் மனைவியின் தம்பியும் உண்டு. அவன் தங்கியிருப்பது என் வீட்டில். நான் கேள்வித்தாள் தயாரித்ததும் அதே வீட்டின் சாப்பாட்டு மேசையில். பூனைக்குப் பக்கத்தில் பாலை ஆறவைத்த புத்திசாலி நான்.

கேள்விகள் ஒன்றும் மலையைப் புரட்டுபவை அல்ல. கட்டத்தாளின் நடுவில் குறுக்குக் கோடும் நெடுக்குக் கோடும் வெட்டிக்கொள்ளும் இடம் ஆதிப்புள்ளி. அதைச் சுற்றி, மற்ற புள்ளிகளைக் கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் கால் சுற்றுத் திருப்பினால் எங்கே போய் நிற்கும்? புள்ளியைக் குறிக்கும் இரண்டு எண்களை இடம் மாற்றி, முன்னால் வந்ததன் குறியை மாற்ற வேண்டும். அவ்வளவுதான் சூத்திரம். மற்றவர்கள் அதைப் போட்டுப் போட்டு, தாளைக் கோழி கிளறிய குப்பையாக்கியிருந்தார்கள். இவன் விடைகளை மட்டும் எழுதியிருந்தான். அத்தனையும் சரி.

தேர்வின்போது அவன் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்ததும் நினைவுக்கு வந்தது. ஓரத்தில் பொடி எழுத்தில் ஏதாவது இருந்ததோ?

நான் இல்லாதபோது உன் தம்பி என் மேசைப் பக்கம் போனானா என்று மனைவியிடம் மெல்லக் கேட்டேன். அவன் என் பேனாவைக்கூடத் தொடமாட்டான் என்றாள். எதற்குக் கேட்கிறேன் என்றதற்கு, சும்மா என்றேன். கணவன் சொல்லும் ‘சும்மா’வை எந்த மனைவியும் நம்பியதில்லை.

“இந்த வேலையும் இல்லன்னா அவன் மறுபடி மூட்டதான் தூக்கணும். டாக்டர் முதுகு தாங்காதுன்னுட்டார், தெரியும்ல?”

தெரியும். அதனால்தான் சோறு இறங்கவில்லை.

மறுநாள் அவனைப் பயிற்சி அறைக்குக் கூப்பிட்டேன். அவன் கண்ணெதிரே புதுப் புள்ளிகளைக் குறித்து, தாளின் நான்கு மூலைகளையும் மேசையோடு டேப் போட்டு ஒட்டினேன். போலீஸ்காரன் மாதிரி எதிரே நின்றேன். தொப்பை மட்டும் பொருந்தியது.

அவன் தாளைத் திருப்பப் பார்த்தான். வரவில்லை. மாட்டினான் என்று நினைத்தேன். வெற்றிக் களிப்பு வரும் என்று பார்த்தால், டாக்டர் சொன்ன முதுகுதான் நினைவுக்கு வந்தது.

அவன் எழுந்தான். மேசையின் இடப்பக்கம் போய் நின்று தாளைக் குனிந்து பார்த்தான்.

“நாலு, ஒண்ணுல இருந்தது இப்போ மைனஸ் ஒண்ணு, நாலு.”

சரியான விடை. அடுத்ததும் சரி.

“சூத்திரம் என்னடா ஆச்சு?”

“எதுக்கு மைனஸ் போடறதுன்னு அது குழப்புது மாமா. தாளத் திருப்பினா புள்ளியும் கூடவே திரும்பிடும். நடுவுலேருந்து எனக்கு வலம், இடம், மேல, கீழன்னு எண்ணிக்குவேன். தாள் வரலன்னா நான் போய் நின்னுக்கறேன்.”

நானும் அவனை இடித்துக்கொண்டு போய் நின்று எண்ணிப் பார்த்தேன். புள்ளிகள் அவன் சொன்ன இடத்தில்தான் இருந்தன. அங்கேயே மதிப்பெண் பட்டியலில் அவன் பெயரை முதலில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

“தாள எதுக்கு மாமா ஒட்டினீங்க?”

“காத்துல பறக்கும்னு.”

மூடிய ஜன்னலைப் பார்த்தான். ஓடாத மின்விசிறியைப் பார்த்தான். பிறகு டேப்பை ஒவ்வொரு மூலையாகப் பக்குவமாக உரித்தான்.

“அக்கா கேட்டா, காத்துன்னே சொல்லிடறேன்.”