அரளிச் செடிக்குப் பின்னால் ஒரு முழங்கை

என் அப்பா வெங்கடாசலம் கண்ணால் பார்த்ததை மட்டுமே நம்புகிற ஆள். என் வீட்டுக்காரர் அர்த்தநாரி சேலத்துப் படக் கம்பெனியில் பாட்டுக்கு மெட்டுப் போடுகிறவர். பொங்கலுக்குச் சேந்தமங்கலம் வந்த என்னை அப்பா திருப்பி அனுப்பவில்லை.

"ஊர் சுத்தறவனாட்டத் தெரியுது. படத்துல வேலைன்னா ஆளக் காட்டு சாமி. அப்பறம் வண்டி கட்டறேன்."

எங்கே காட்டுவது? பின்னணிப் பாட்டு இன்னும் வராத காலம்; நடிகை பாடப் பாடவே படம் பிடிப்பார்கள். இவரும் மற்ற வாத்தியக்காரர்களும் செடி மறைவில் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம். மூன்று மாதமாக அவரைப் பார்க்காமல் எனக்கு அழுகையும் ஆத்திரமுமாக வந்தது.

அப்போதுதான் அவருடைய கார்டு வந்தது. "புதுப் படம் உங்கள் ஊர்க் கொட்டகைக்கு வருகிறது. மாமாவைக் கூட்டிப் போகாதே, மானம் போய்விடும். நந்தவனப் பாட்டில் ஆர்மோனியம் வாசிக்கும்போது என் முழங்கை செடிக்கு வெளியே தெரிந்துவிட்டது. திரும்ப எடுக்க ஃபிலிம் இல்லையாம். கம்பெனியே சிரிக்கிறது."

சிரிக்கட்டும். படம் வந்த அன்று சாயங்காலமே அப்பாவைக் கிளப்பினேன்.

மணலில் உட்கார்ந்து பார்த்தோம். நந்தவனப் பாட்டு வந்தது. நடிகைக்கு இடப்பக்கம், அரளிச் செடி ஓரமாக, ஒரு முழங்கை வெளியே வந்து உள்ளே போனது. சட்டையில் கட்டம் போட்ட ஒட்டு.

"ஏனுங்கப்பா, அந்தச் செடியப் பாருங்க. அவரு கையிங்க."

"எவன் கையோ."

"என்ற பழைய சீலையக் கிழிச்சு அந்த ஒட்டத் தச்சதே நானுங்க."

அப்பா உற்றுப் பார்த்தார். பாட்டு வேகமெடுத்தால் முழங்கையும் வேகமெடுத்தது. பாட்டு தணிந்தால் அதுவும் தணிந்தது.

"இவன் இழுத்து உட்டாத்தான் அந்தம்மா பாடுதா?"

"ஆமாங்க. மெட்டும் அவருதுங்க."

அப்பா மறுநாளும் கொட்டகைக்குப் போனார். மூன்றாம் நாள் பங்காளிகளையெல்லாம் கூட்டிப்போய், "அந்தம்மாளப் பாக்காதீங்க, அரளிச் செடியப் பாருங்க. என்ற மாப்பிள்ளை" என்று கொட்டகைக்கே கேட்கும்படி சொன்னார். எனக்குச் சிரிப்பும் பெருமையும் தாங்கவில்லை.

நான்காம் நாள் காலையில் வண்டி கட்டினார். நான் ஏறியதும் ஒரு துணிப் பொட்டலத்தை மடியில் வைத்தார்.

"மாப்பிள்ளைக்குப் புதுச் சட்டைத் துணி. ஆனா அடுத்த படத்துக்கும் அந்த ஒட்டுப் போட்டதையே போட்டுக்கச் சொல்லு சாமி. இல்லாட்டி எனக்கு அடையாளந் தெரியாது."