தாயார் பெயர்

நகவெட்டியோடு குனிந்த ஸோ, அதட்டல் கேட்டு அப்படியே நின்றார். ஆஸ்பத்திரி நிலவறையில் பிணங்களைத் துடைத்து உடுத்துகிறவர் அவர்.

"ஒரு நகம்கூட வெளியே போகக்கூடாது. எங்கக்கா முழுசா போகணும்," என்றார் டொக்சு மாமா.

உதிர்ந்த முடி ஒரு சுருக்குப்பையில், கை கால் நகங்கள் நான்கு பைகளில். ஐந்தும் பெட்டிக்குள் போயாக வேண்டும். கொரியாவின் மொக்போவில் காலங்காலமாக அதுதான் வழக்கம். நாளை காலை தகனம். அதன்பிறகு மியோங்ஜாவுக்கு எடுத்துக்கொள்ள எதுவும் மிஞ்சாது.

அவள் கையில் மரபணுப் பரிசோதனைக்கூடத்து உறை இருந்தது. சணல் கோடித்துணிக்குள் கிடந்த புன்னேதான் அவளைப் பெற்றவள். ஆனால் பிறப்புச் சான்றிதழில் தாயார் பெயர் கில்லியே, அப்பாவின் முதல் மனைவி. சின்னவீட்டுப் பிள்ளையை அந்தக் காலத்தில் அப்படித்தான் எழுதினார்கள். வளர்ந்ததும் பெரியம்மா கில்லியேயிடம்தான். நாலு தெரு தள்ளி இருந்த பெற்றவளை ஐம்பது வருடமாகச் சித்தி என்றே கூப்பிட்டாள்.

பெயரைத் திருத்தப் போனால் நீதிமன்றம் ரத்த சம்பந்தத்துக்கு ஆதாரம் கேட்டது. "நான் செத்தப்புறம் பாத்துக்கடி, இப்ப அந்தக்கா மனசு நோகும்," என்று சித்தி தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தாள். மகராசி, சொன்னபடி செத்தும் விட்டாள்.

நேற்று உடலைக் கேட்டபோது அலுவலக மேசையில் இருந்த பெண், "நீங்க அவங்களுக்கு யாரு?" என்றாள். மகள் என்றாள் மியோங்ஜா. அந்தப் பெண் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு, "அப்படி யாரும் இல்லையே," என்றாள். மாமாதான் கையெழுத்துப் போட்டார். வாசலில் துக்க வீட்டார் பெயர் எழுதிய பலகையிலும் அவர் பெயர் மட்டும்தான்.

"மாமா, ஒரு விரல் நகம் போதும்."

"ஒரு காகிதத்துக்காகவா? நீ யாருன்னு ஊருக்கே தெரியும்டி."

"நேத்து அந்தப் பொண்ணுக்குத் தெரியலையே மாமா."

ஸோ தயங்கினார். "கையெழுத்துப் போட்டவர் சொல்றதைத்தாம்மா நான் கேக்கணும். என்னை மாட்டிவிட்டுடாதீங்க."



அப்போதுதான் கதவைத் தள்ளிக்கொண்டு, தடியூன்றி, பெரியம்மா வந்தாள். மாமா பதறி விலகிக் குனிந்து வணங்கினார். அவள் நேராகப் புன்னேயிடம் போய்க் கையைத் தூக்கிப் பார்த்தாள்.

"இவளுக்கு எப்பவும் நகம் வளந்தேதான் கிடக்கும். கணவாய் மீன் உரிக்க வேணும்னு சொல்லுவா." பிறகு திரும்பினாள். "டொக்சு, நீ கத்தினது மாடிவரைக்கும் கேக்குது. முழுசா போகணும்கிறியே, அவ வயித்துல பொறந்தது இங்க நிக்குதே, அதையும் பெட்டியில வச்சு அனுப்பிடுவியா?"

"பெரியக்கா, நான் அப்படிச் சொல்லல..."

"காகிதத்துல நான்தானே இவளுக்கு அம்மா? அம்மா சொல்றேன். வெட்டுப்பா."

ஸோ மாமாவைப் பார்த்தார். மாமா சுவரைப் பார்த்தபடி, "ஒண்ணு. ஒண்ணே ஒண்ணு," என்றார்.

வலது கட்டைவிரல் நகம் உறைக்குள் விழுந்தது. மற்றவையெல்லாம் பைகளுக்குப் போயின. ஸோ பெட்டியைக் கொண்டுவரப் போனார், மாமாவும் கூடவே போனார்.

மியோங்ஜா இன்னும் நின்றுகொண்டிருந்தாள். அவள் கைப்பையில் இரண்டாவது உறை இருந்தது. அதைப் பற்றி அவள் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

"பெரியம்மா, கோர்ட்ல உங்களோடதும் கேக்குறாங்க."

"நகமா?"

"இல்ல. பஞ்சுக்குச்சி. கன்னத்துக்குள்ள தேய்ச்சு எடுக்கணும்."

"என்னோடது எதுக்குடி?"

மியோங்ஜா வாயைத் திறந்தாள். நீங்க என் அம்மா இல்லைன்னு நிரூபிக்கத்தான் என்று ஐம்பது வருடம் சோறு போட்டவளிடம் எப்படிச் சொல்வது? பெரியம்மா அவள் முகத்தைப் பார்த்தாள்.

"ஓ," என்றாள்.

நாற்காலியில் உட்கார்ந்து, பல்செட்டைக் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டாள். மியோங்ஜா உறையிலிருந்து பஞ்சுக்குச்சியை எடுத்தாள். கிழவி முகத்தை அவள் பக்கம் நன்றாகத் தூக்கி, வாயை இன்னும் அகலமாகத் திறந்தாள்.