திருத்திய பாட்டு

மோசமாகப் பாடுகிறவர்களை வெட்டி ஒட்டுவது என் வேலை. தொலைக்காட்சியில் பாட்டுப் போட்டி தொடங்கும்போது முதல் சில வாரங்கள் ஆடிஷன் ஓடும். நன்றாகப் பாடுகிறவர்களின் காட்சிகளை வேறொருவர் பார்த்துக்கொள்வார். தொண்டை கிழிகிறவர்கள், வரி மறக்கிறவர்கள், கண்ணை மூடிக்கொண்டு எங்கோ போய்விடுகிறவர்கள் எல்லாம் என் மேசைக்கு வருவார்கள். அலுவலகத்தில் இதற்குக் கழுதை மேசை என்று பெயர்.

மக்கள் பார்ப்பது என் மேசையைத்தான். இறுதிச் சுற்றில் யார் ஜெயித்தார் என்று கேட்டால் யோசிப்பார்கள். தவளை மாதிரிக் கத்தினவரை மட்டும் வருஷக்கணக்கில் ஞாபகம் வைத்திருப்பார்கள். தன்னால் முடியாது என்பது தெரியாத ஒருவரைப் பார்ப்பதில் ஏதோ ஆறுதல் இருக்கிறது போலிருக்கிறது. நமக்காவது அது தெரிகிறதே என்ற ஆறுதல்.

என் மனைவிக்கு அப்படி எதுவும் இல்லை. அவள் சும்மா சிரிப்பாள். வெட்டிய காட்சிகளை லேப்டாப்பில் வீட்டுக்குக் கொண்டுவந்து அவளுக்குப் போட்டுக் காட்டுவேன். சோபாவின் இடது மூலையில் காலை மடக்கி உட்கார்ந்து பார்ப்பாள். அவள் சிரித்த இடத்தைத் தொட மாட்டேன். சிரிக்காத இடத்தை எடுத்துவிடுவேன். அவ்வளவுதான் என் தொழில் ரகசியம். அவள் இறந்து ஒரு வருஷம் ஆகிறது. காய்ச்சல் என்று ஆஸ்பத்திரிக்குப் போனோம். நான் மட்டும் திரும்பி வந்தேன். அதற்குப் பிறகு கணக்குப் போட்டு வெட்டுகிறேன். பாட்டு, இடைவெளி, நடுவரின் முகம், தவளைச் சத்தம். யாரும் வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லை.

அவளுடைய அப்பா என்னோடுதான் இருக்கிறார். அவருக்கு ஒரே மகள். மாமியார் எப்போதோ போய்விட்டார். கல்யாணம் ஆன நாளிலிருந்தே மாமா எங்களோடுதான். இப்போது அவரைப் போகச் சொல்ல எனக்குத் தோன்றவில்லை. போகிறேன் என்று சொல்ல அவருக்கும் தோன்றவில்லை. வேலையில் இருந்த காலமெல்லாம் பஸ் நிலையத்தில் ஒலிபெருக்கியில் அறிவிப்புச் சொன்னவர். வீட்டிலும் அதே குரல்தான். "சாப்பாடு தயாராக உள்ளது" என்று அவர் சொன்னால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும் போலிருக்கும்.

ஒரு செவ்வாய்க்கிழமை புதிதாக வந்த காட்சிகளைத் திறந்தேன். மார்பில் எண் குத்திய ஒருவர் மேடைக்கு நடந்து வந்தார். மாமா.

பென்ஷன் அலுவலகத்துக்குப் போகிறேன் என்று போன வாரம் ஒருநாள் போட்டுக்கொண்டு போனாரே, அதே நீலச் சட்டை. மைக்கை விரலால் இரண்டு தட்டுத் தட்டினார். கையை ஆட்டாமல், நேராக நின்று, ஒரு பழைய தாலாட்டைப் பாடினார். பாடினார் என்பது மரியாதைக்குச் சொல்வது. ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. தூக்கம் தாமதமாக வந்து சேரும் என்று குழந்தைக்குத் தகவல் சொல்வது போலிருந்தது. போதாக்குறைக்கு ஒவ்வொரு வரியையும் இரண்டு தடவை பாடினார். நடுவர் ஒருவர் கையை உயர்த்தினார்.

"போதும் சார்."

"இருங்க, இன்னொரு தடவை சொல்லணும்," என்றார் மாமா. சொல்லிவிட்டுத்தான் நிறுத்தினார்.

எனக்குப் பின்னால் யாரோ வாய்விட்டுச் சிரித்தார்கள். நிகழ்ச்சியின் தயாரிப்பாளர். எங்கள் எல்லோருக்கும் அவர் அக்கா.

"டேய், தங்கம்டா இது! இந்த ஆளை ஞாயித்துக்கிழமை முதல்ல போடு. தவளை, கழுதை, பஸ் ஹாரன், எது கிடைச்சாலும் சேர்த்து விடு."

"சரிக்கா."

என் மாமனார் என்று சொல்லவில்லை. சொன்னால் அதையும் சேர்த்துவிடச் சொல்வார். மாமனார் முகம், எடிட்டர் முகம், திரும்ப மாமனார் முகம். எனக்கு இந்தத் தொழில் தெரியும்.

வீட்டுக்குப் போனபோது மாமா துணி மடித்துக்கொண்டிருந்தார்.

"ஆடிஷனுக்குப் போனீங்களா மாமா?"

"பாத்துட்டீங்களா மாப்பிள்ளை?" கையிலிருந்த துண்டைக் கீழே போட்டார். "எப்படி இருந்துச்சு?"

"பரவாயில்லை."

"பரவாயில்லையா?" முகம் கொஞ்சம் இறங்கியது. "சரி, டிவியில வருமா வராதா, அதைச் சொல்லுங்க."

"வரும்."

"அது போதும். கீழ் வீட்டுத் தையல்காரம்மா கிட்ட, வாட்ச்மேன் கிட்ட எல்லாம் சொல்லிட்டேன். ஞாயித்துக்கிழமை நம்ம வீட்டுலதான் எல்லாரும் பாக்கறோம்."

அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். தன் குரல் எப்படி என்று இந்த மனிதருக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான் என்று நினைத்தேன். நாலு பேர் நடுவில் உட்கார்ந்து தனக்கு வைத்த தவளையைக் கேட்கப்போகிறார். கோபமாக வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை.

மறுநாள் சுருதி திருத்தும் மென்பொருளைத் திறந்தேன். நன்றாகப் பாடுகிறவர்களுக்கு மட்டும் லேசாகத் தொட்டுக் கொடுப்பது வழக்கம். கழுதை மேசையில் அதற்கு வேலையே கிடையாது. மாமாவின் குரலை எழுத்து எழுத்தாகப் பிடித்து மேலே ஏற்றினேன், கீழே இறக்கினேன். இரண்டாம் தடவை பாடியதையெல்லாம் வெட்டி எறிந்தேன். நடுவர்கள் தலையாட்டுவதை வேறு யாருடைய காட்சியிலிருந்தோ எடுத்து ஒட்டினேன். மத்தியானத்துக்குள் மாமா ஒழுங்காகப் பாடினார். விருந்துக்கு வந்த இடத்தில் வற்புறுத்திப் பாடச் சொன்னால் பாடுவார்களே, அந்த அளவுக்கு.

அக்கா வந்து பார்த்தார்.

"இது அந்த ஆள்தானே? என்னடா ஆச்சு?"

"மைக்ல கோளாறுக்கா. சரி பண்ணேன்."

"அப்ப ஆள் நிஜமாவே மோசம் இல்லையா?"

"இல்லக்கா."

"ச்சே." உண்மையிலேயே வருத்தப்பட்டார். "சுமாரா பாடறவன் எங்க வீட்டுலயே இருக்கான். அதுக்கு எதுக்கு டிவி? தூக்கிடு."

இத்தனை வருஷம் இதே மேசையில் உட்கார்ந்தும் அது எனக்கு உறைக்கவில்லை. நன்றாகப் பாடினால் இடம் உண்டு. நாசமாகப் பாடினாலும் இடம் உண்டு. சுமாருக்குத்தான் இடம் இல்லை. மானத்தைக் காப்பாற்றுகிறேன் என்று ஆளையே காணாமல் அடித்துவிட்டேன். மைக் நன்றாகத்தான் இருந்தது என்று சொன்னால் தவளை வரும். சொல்லாவிட்டால் மாமா வரமாட்டார். சொல்லவில்லை. மாமாவிடமாவது சொல்லலாம் என்று ஒவ்வொரு சாயங்காலமும் வீட்டுக்குப் போவேன். அவர் நீலச் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருப்பார்.

ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் வந்தார்கள். தையல்காரம்மா, அவர் கணவர், வாட்ச்மேன். நாற்காலி போதாமல் வாட்ச்மேன் தரையில் உட்கார்ந்தார். சோபாவின் இடது மூலையில் யாரும் உட்காராதபடி மாமா ஒரு தலையணையை வைத்திருந்தார். திரையில் ஒவ்வொருவர் முடிக்கும்போதும் "அடுத்தது நான்தான்" என்று அறிவித்தார். வண்டி வரவேயில்லை. நிகழ்ச்சி முடிந்து பெயர்கள் ஓடின. என் பெயரும் ஓடியது.

"ஏன் சார்," என்று வாட்ச்மேன் எழுந்தார், "உள்ள போனீங்களா, இல்ல என்னை மாதிரி கேட்லயே நின்னுட்டு வந்துட்டீங்களா?"

"நீங்க சும்மா இருங்க," என்றார் தையல்காரம்மா, சிரிப்பை அடக்கிக்கொண்டு. "அடுத்த வாரம் வரும் அண்ணே. வரலைன்னாலும் என்ன, எங்களுக்கு டீ கிடைச்சுது."

போய்விட்டார்கள். மாமா டம்ளர்களைப் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

"நான்தான் மாமா," என்றேன்.

"என்ன நீங்கதான்?"

"உங்க பாட்டைத் திருத்தினேன். திருத்தினதுல சுமாரா ஆயிடுச்சு. வேண்டாம்னு எடுத்துட்டாங்க."

"எங்க, போடுங்க பாக்கலாம்."

லேப்டாப்பில் போட்டேன். கடைசி வரை நின்றுகொண்டே கேட்டார்.

"யாரு இது?"

"நீங்கதான்."

"இவன் பாடறானே. நான் எங்க?"

லேப்டாப்பை மூடினேன்.

"எனக்குப் பாட வராதுன்னு எனக்கே தெரியாதுன்னு நினைச்சீங்களா மாப்பிள்ளை?" டம்ளரை நங்கென்று வைத்தார். "சின்னதுல இந்தத் தாலாட்டைப் பாடித்தான் அவளைத் தூங்க வைக்கப் பாப்பேன். தூங்கறதாவது! எழுந்து உக்காந்து சிரிப்பா. இன்னொரு தடவைப்பா, இன்னொரு தடவைப்பாம்பா. வளர்ந்த பிறகு உங்க கழுதைங்களை எல்லாம் பாத்துட்டு, அப்பா, நீ போனா இவங்க எல்லாரும் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான்னு சொல்லுவா. போறேன் போறேன்னு நானும் சொல்லிட்டே இருந்தேன்."

"எனக்குத் தெரியாது மாமா."

"கேட்டீங்களா? பரவாயில்லைன்னு ஒரு வார்த்தை. உள்ள போய்க் கதவைச் சாத்தியாச்சு. ஒரு வருஷமா அதைத்தானே செய்யறீங்க. என் மானத்தைக் காப்பாத்தச் சொல்லி உங்களை யாரு கேட்டா? நாலு பேர் சிரிக்கட்டும்னுதானே போனேன். அவ சிரிச்ச மாதிரி."

மறுநாள் காலையில் அக்காவின் அறைக்குப் போனேன்.

"மைக் நல்லாத்தான் இருந்துச்சுக்கா. அந்த ஆள் நிஜமாவே மோசம்."

அக்கா நாற்காலியில் நிமிர்ந்தார். "அந்த பஸ் ஸ்டாண்ட் குரலா?"

"ஆமா. நீங்க முதல்ல பாத்தது அவ்வளவும் அவரேதான்."

"அப்புறம் ஏன்டா பொய் சொன்ன?"

"என் மாமனார்."

என்னை நிமிர்ந்து பார்த்தார். என் மனைவியின் சாவுக்கு வந்தவர்.

"டிவியில வர அவருக்குச் சம்மதமா?"

"வரலைன்னுதான் வீட்டுல சண்டை."

"இந்த ஞாயித்துக்கிழமையோட ஆடிஷன் முடியுது. எல்லாம் நிரம்பியாச்சு. அரை நிமிஷம் தரேன். சிரிப்பு வரலைன்னா மாமனாராவது மச்சானாவது, தூக்கிடுவேன்."

மேசைக்கு வந்து பழைய காட்சியைத் திறந்தேன். தவளையை வைத்துப் பார்த்தேன். சிரிப்பெல்லாம் தவளைக்குப் போயிற்று. நடுவரின் முகத்தை வைத்தேன். மாமா பாவமாகத் தெரிந்தார். பாவமாகத் தெரிகிறவரைப் பார்த்து யாரும் சிரிக்க மாட்டார்கள். எல்லாவற்றையும் அழித்தேன். மறுபடி வைத்தேன். மறுபடி அழித்தேன். கணக்கு உதவவில்லை. அவள் இருந்தால் எங்கே சிரிப்பாள் என்று கேட்டுக்கொள்ளாமலே ஒரு வருஷம் ஓட்டியிருக்கிறேன். இப்போது கேட்டுப் பார்த்தேன். பதில் வரவில்லை. மேசையை ஓங்கி ஒரு குத்துக் குத்தினேன். கை வலித்ததுதான் மிச்சம்.

அந்த வாரம் மாமா என்னிடம் அறிவிப்பாக மட்டும்தான் பேசினார். "குழாயில் தண்ணீர் நின்றுவிட்டது. குழாயில் தண்ணீர் நின்றுவிட்டது." ஒரு சாயங்காலம் லேப்டாப்பை வீட்டுக்குக் கொண்டுபோனேன்.

"மாமா, கொஞ்சம் உக்காருங்க. எனக்கு ஒரு உதவி வேணும்."

முறைத்தார். பிறகு தலையணையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு இடது மூலையில் உட்கார்ந்தார். திருத்தாத பாட்டை முழுசாகப் போட்டேன். நான் திரையைப் பார்க்கவில்லை. அவரைப் பார்த்தேன். மைக்கைத் தட்டிய இடத்தில் ஒன்றும் இல்லை. முதல் வரியில் ஒன்றும் இல்லை. அதே வரி அதே குரலில் இரண்டாம் தடவை வந்தபோது மூக்கிலிருந்து ஒரு சத்தம் வந்தது. "இருங்க, இன்னொரு தடவை சொல்லணும்" என்ற இடத்தில் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். தோள் குலுங்கியது. குனிந்து பார்த்தேன். சிரிப்புதான். அவளுக்கும் சிரிப்பு மூக்கிலிருந்துதான் தொடங்கும்.

அந்த இரண்டு இடத்தையும் தொடவில்லை. மற்றதை எடுத்துவிட்டேன். தவளை வைக்கவில்லை.

"இன்னும் கொஞ்சம் மோசமாக்க முடியாதா மாப்பிள்ளை?"

"இதுக்கு மேல முடியாது மாமா."

அக்கா பார்த்தார். மேசையைத் தட்டிச் சிரித்துவிட்டுக் கையைக் காட்டினார். போடு என்று அர்த்தம்.

ஞாயிற்றுக்கிழமை வாட்ச்மேன் வாசலிலேயே நின்றார். "வந்தா கூப்பிடுங்க சார், உள்ள வரேன்" என்றார். கூப்பிட வேண்டியிருக்கவில்லை. அந்தக் குரலுக்குத் தானே ஓடி வந்தார். இரண்டாம் தடவை வரி வந்தபோது தையல்காரம்மா தன் கணவரின் தோளில் அறைந்தார். "இன்னொரு தடவை சொல்லணும்" என்றபோது வாட்ச்மேன் சுவரைப் பிடித்துக்கொண்டார். மாமா நீலச் சட்டையில் விறைப்பாக நின்றுகொண்டு ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எங்கே வர வேண்டும் என்பது மட்டும் தெரிந்தது. இடது மூலையில் தலையணை இருந்தது.

அரை நிமிஷம் முடிந்து சோப்பு விளம்பரம் வந்தது.

"அவ்வளவுதானா?" என்றார் மாமா.

"அவ்வளவுதான் மாமா."

"திரும்பப் போடுவாங்களா?"

"மாட்டாங்க."

"அதெப்படி? ரெண்டு தடவை சொன்னாத்தானே அறிவிப்பு."

நான் லேப்டாப்பைத் திறந்தேன்.