சக்கரவர்த்திக்கு ஒரு சின்ன டிவி

பேரரசுகள் எதுவும் வீரம் குறைந்து வீழ்ந்ததில்லை. செய்தி வரத் தாமதமானது, படை வரத் தாமதமானது, அதனால் வீழ்ந்தன. மனித குலத்தின் முதல் எதிரி தாமதமே.

இந்தத் தத்துவத்தை அருளியவர் ஒரு காப்பீட்டு நிறுவனத்தில் இழப்பீட்டுப் பிரிவின் மேலாளர். அருளிய இடம், அவர் வீட்டில் அலமாரிக்கும் ஜன்னலுக்கும் நடுவே இருக்கும் ஒரு மூலை. அருளிய நேரத்தில் அவர் வீடியோ கேமில் ஒரு கோட்டைச் சுவரோரம் குண்டடிபட்டு மல்லாந்து கிடந்தார். சுட்டது யாரென்று அவருக்குத் தெரியவில்லை. பெரும்பாலும் தெரிவதில்லை.

“நான் பட்டனை அமுக்கிட்டேன்பா. இந்த டிவி லேட்டா காட்டுது,” என்றார், காதில் மாட்டியிருந்த மைக்கில்.

“டிவிதான் சார் காரணம். இல்லன்னா உங்களைத் தொட முடியுமா?” என்றது அவருடைய படை.

படை என்பது அவருடைய பிரிவில் வேலை பார்ப்பவர்கள். சேதத்தைப் போய்ப் பார்த்து வரும் சர்வேயர், கேஷியர், இன்னும் இரண்டு குமாஸ்தாக்கள். அவரவர் வீட்டில் உட்கார்ந்து இணையம் வழியாக ஓர் அணியாக ஆடுவார்கள். அணிக்குத் தலைவர் இவர். அதற்காகத் தேர்தல் ஒன்றும் நடக்கவில்லை. விடுப்பு விண்ணப்பத்தில் கையெழுத்துப் போடுகிறவர் எந்த அணியில் சேர்ந்தாலும் தலைவராகத்தான் சேர்வார். சக்கரவர்த்தி என்று ஒரு பட்டப்பெயரும் சூட்டியிருந்தார்கள். முகத்துக்கு நேராகச் சொன்னபோது அவருக்கு இனித்தது. முதுகுக்குப் பின்னால் அதை எப்படிச் சொல்கிறார்கள் என்று அவர் விசாரிக்கப் போகவில்லை.

இப்படியே ஆயுள் முழுக்க ஓடியிருக்கும். அவர் மனைவிதான் ஒருநாள் காலையில், துணி மடித்துக்கொண்டே, எந்தக் கெட்ட எண்ணமும் இல்லாமல் அந்தக் குண்டைப் போட்டாள்.

“ஏங்க, தினம் அந்த டிவியைத் திட்டிக்கிட்டே இருக்கீங்க. பேசாம புதுசு ஒண்ணு வாங்கிடலாம்.”

டீ அவருக்குப் புரையேறியது.

“இப்ப என்ன அவசரம்?”

“சனிக்கிழமை தலைமை ஆபீஸ்காரங்களோட போட்டின்னு சொன்னீங்களே. அதுக்குள்ள வாங்கினாத்தானே?”

தாமதமில்லாத டிவி ஒன்று வந்து, அதன் முன்னால் உட்கார்ந்தும் அவர் செத்தால்? அப்போது யாரைச் சொல்வது? மாதக்கணக்காக அந்தப் பழைய பெட்டிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்தவரை, பெட்டியை எடுத்துவிட்டு நடுத்தெருவில் நிறுத்தியதுபோல் ஆகிவிடும். அந்த நால்வரும் திங்கட்கிழமை அவர் அறைக்குள் வந்து, “சார்” என்று கூப்பிடுவார்கள். அந்த ஒரு சொல்லில் எத்தனை விதமாகச் சிரிக்கலாம் என்று அவருக்குத் தெரியும். தன் மேலதிகாரியை அவர் அப்படித்தான் கூப்பிடுவார்.

வேண்டாம் என்று சொல்லக் காரணம் கிடைக்காதவரும் அல்ல. அவர் தொழிலே அதுதான். கடை எரிந்துபோனது என்று ஒருவர் வந்தால், எரிவதற்கு முன் கடை இருந்ததற்கு ஆதாரம் கேட்பார். ஆனால் மனைவியிடம் ஆதாரம் கேட்டுப் பிழைத்த மேலாளர் எந்தப் பிரிவிலும் இல்லை. அதனால் வேறு வழி பிடித்தார். சின்ன டிவிகளில் நல்லது அபூர்வம், சரக்குள்ளதை எல்லாம் கம்பெனிக்காரர்கள் பெரிய டிவிகளில்தான் வைப்பார்கள் என்று எங்கோ படித்தது நினைவுக்கு வந்தது.

“அந்த மூலைக்குச் சின்னது போதும்மா,” என்றார் தழுதழுத்த குரலில். “எவ்வளவு சின்னதோ அவ்வளவு நல்லது. நமக்கு எதுக்கு ஆடம்பரம்?”

கல்யாணமான நாள் முதல் அவர் வாயில் இப்படி ஒரு வார்த்தையை அவள் கேட்டதில்லை. உருகிப்போய், தன் தம்பியையும் கடைக்குக் கூப்பிட்டுவிட்டாள். அவன் வீடியோ எடிட்டிங் செய்பவன். திரை என்றால் அவனுக்குச் சோறு தண்ணீர் வேண்டாம். சக்கரவர்த்தியின் பயம் இரட்டிப்பானது.

கடையில் சுவர் முழுக்க டிவிகள். எல்லாவற்றிலும் ஒரே குதிரை ஓடிக்கொண்டிருந்தது. கழுத்துப்பட்டி கட்டிய விற்பனையாளர் ஓடி வந்தார்.

“சின்னதா, சாதாரணமா ஒண்ணு காட்டுங்க,” என்றார் சக்கரவர்த்தி.

“கேமிங்குக்குங்க,” என்றான் மைத்துனன். “அத்தான் ஒரு டீமுக்கே தலைவர். பிளேஸ்டேஷனும் மாட்டணும், கம்ப்யூட்டரும் மாட்டணும்.”

விற்பனையாளர் முகத்தில் மரியாதை ஏறியது. சக்கரவர்த்திக்கு முதுகில் வியர்த்தது.

கீழ்வரிசை மூலையில் ஒரு டிவியைப் பார்த்ததும் அவர் கால்கள் நின்றன. அதில் குதிரைக்குப் பின்னால் மங்கலாக இன்னொரு குதிரை ஓடியது. கால் தரையில் பட்ட பிறகும் வால் பழைய இடத்திலேயே ஆடிக்கொண்டிருந்தது. கண்டதும் காதல் என்பார்களே, அது.

“இது நல்லா இருக்கே,” என்றார்.

“ஐயோ, பேய் மாதிரி ரெண்டு ரெண்டா தெரியுது. இதையா?” என்றாள் மனைவி.

“அத்தான் நம்ம காசை மிச்சம் பிடிக்கப் பாக்கறார்க்கா,” என்றான் தம்பி. “விடாதே.”

விற்பனையாளர் தலையை ஆட்டினார். “உண்மையைச் சொல்றேன் சார். சின்ன சைஸ்ல கேமிங்குக்கு நல்லது வர்றதே இல்ல.”

சக்கரவர்த்திக்கு அவரைக் கட்டிக்கொள்ளலாம் போலிருந்தது. “பாத்தியா? நான் அப்பவே சொன்னேன். வா, கிளம்பலாம்.”

“ஆனா சார், ஒண்ணே ஒண்ணு வந்திருக்கு.”

அந்த ஒன்று தனியாக ஒரு மேஜைமேல் இருந்தது. கறுப்பாக, மெல்லிசாக, ஒரு தீர்ப்பைப் போல. மனைவி டேப்பை நீட்டி அளந்தாள். “நம்ம மூலைக்குச் செஞ்சு வச்ச மாதிரி இருக்குங்க!”

இனி தொழில்தான் காப்பாற்ற வேண்டும். சக்கரவர்த்தி கண்ணாடியை மூக்கின் நுனிக்கு இறக்கினார். அலுவலகத்தில் அந்தக் கண்ணாடி இறங்கினால் இழப்பீடு கேட்டு வந்தவர்கள் நாற்காலியைப் பிடித்துக்கொள்வார்கள்.

“கம்ப்யூட்டரை மாட்டினா எழுத்து கலங்கித் தெரியும். டிவியில எல்லாம் அப்படித்தான்.”

விற்பனையாளர் ஒரு மடிக்கணினியை மாட்டினார். எழுத்துகள் உண்மையிலேயே ஓரங்களில் கலங்கித் தெரிந்தன. சக்கரவர்த்தியின் நெஞ்சு நிறைந்தது. விற்பனையாளர் ரிமோட்டை எடுத்து, வந்திருப்பது கம்ப்யூட்டர் என்று டிவிக்குச் சொல்லிக் கொடுத்தார். எழுத்துகள் அச்சடித்ததுபோல் நின்றன.

“வெளிச்சம் அடிக்குமே. எங்க வீட்ல பக்கத்துலயே ஜன்னல்.”

“திரைச்சீலை இருக்குங்க,” என்றாள் மனைவி.

“சவுண்டு?”

“நீங்க ஹெட்போன்தானே அத்தான் மாட்டுவீங்க?”

கடைசி ஆயுதத்தை எடுத்தார். “எல்லாம் சரி. தாமதம் இல்லைங்கறதுக்கு ஆதாரம் என்ன? வாயால சொன்னா ஆச்சா? நிரூபிக்கணும்.”

இப்படிக் கேட்டால் யாராக இருந்தாலும் எழுந்து போய்விடுவார்கள் என்பது அவர் அனுபவம். ஆனால் மைத்துனனின் கண்கள் மின்னின. “கரெக்ட் அத்தான். நிரூபிச்சுடுவோம்!” என்று போனை எடுத்தான். கடையில் இருந்த பிளேஸ்டேஷனை மாட்டச் சொல்லி, விற்பனையாளர் கையில் கன்ட்ரோலரைக் கொடுத்து, அவர் விரலும் திரையும் சேர்ந்து தெரியும்படி ஸ்லோமோஷனில் படம் பிடித்தான். கடையில் இருந்த வேறு ஆட்களும் கூடிவிட்டார்கள். போனில் ஆமை வேகத்தில் ஒரு கட்டைவிரல் இறங்கியது. அது பொத்தானில் பதிந்த கையோடு திரையில் துப்பாக்கி வெடித்தது.

“அமுக்கறதும் வெடிக்கறதும் ஒண்ணா வருது சார்,” என்றார் விற்பனையாளர், தானே நம்ப முடியாமல். “யாரும் இப்படிக் கேட்டதே இல்ல. நீங்க பெரிய எக்ஸ்பர்ட் போல.”

கூடியிருந்தவர்கள் அவரை மரியாதையோடு பார்த்தார்கள். அவர்களில் ஒருவர் அதே டிவி தனக்கும் ஒன்று வேண்டும் என்றார்.

காரில் டிவிப் பெட்டி பின்சீட்டில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து வந்தது. வளைவுகளில் அவர்மேல் சாய்ந்தது.

“ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னு சொன்னாளாம்,” என்றான் முன்சீட்டிலிருந்து மைத்துனன். “நாங்க கூடத்தையே நேராக்கிட்டோம் அத்தான். இனி நீங்க ஆட வேண்டியதுதான் பாக்கி.”

“சும்மா இருடா,” என்று தம்பியை அடக்கினாள் அவள். “அவருக்கு ஆடத் தெரியாதா என்ன?” அவள் நிஜமாகவே நம்பிச் சொன்னாள். அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை.

சனிக்கிழமை வரை அவருக்குச் சோறு இறங்கவில்லை. அலுவலகத்தில் சர்வேயர், “புது டிவி வந்தாச்சாமே சார். தலைமை ஆபீஸ் தொலைஞ்சாங்க,” என்றபோது, கையில் இருந்த விண்ணப்பத்தை ஆதாரம் கேட்காமலே அனுமதித்துவிட்டார். கேஷியர் மட்டும் டிவியைப் பற்றிப் பேசவில்லை. “நல்லா ஆடணும் சார்,” என்று மெதுவாகச் சொல்லிவிட்டுப் போனாள். அந்த மெதுவில் என்ன இருந்தது என்று அவர் மத்தியானம் முழுக்க யோசித்தார்.

சனிக்கிழமை மாலை, மனைவி அடுக்களையில் இருந்த நேரம் பார்த்து, சக்கரவர்த்தி ரிமோட்டை எடுத்து டிவியை ‘சினிமா’ என்ற முறைக்கு மாற்றினார். அதில் படம் அழகாக இருக்கும், ஆனால் பொத்தானுக்குப் பதில் வரக் கொஞ்சம் நேரமாகும் என்று படித்திருந்தார். சிறு தாமதம் போதும். ஒரு மனிதன் ஒளிந்துகொள்ளும் அளவுக்கு. பிறகு பிளேஸ்டேஷனைப் போட்டார். டிவி அதை அடையாளம் கண்டு, ‘விளையாட்டு முறைக்கு மாற்றப்பட்டது’ என்று திரையின் மேல்மூலையில் பணிவோடு எழுதிக் காட்டியது. மறுபடி மாற்றினார். அது மறுபடி திருத்தியது. விசுவாசமான வேலைக்காரன் காட்டிக் கொடுப்பதுபோல் இருந்தது.

மனைவியும் மைத்துனனும் நாற்காலி போட்டுப் பின்னால் உட்கார்ந்தார்கள். ஆட்டம் தொடங்கியது.

“சார்,” என்றாள் கேஷியர், காதுக்குள். “நீங்க ஆயுதக் கிடங்கைப் பாத்துக்கங்க. அது போச்சுன்னா எல்லாம் போச்சு. உங்களைத் தவிர யாரையும் நம்பி விட முடியாது.”

“நான் இருக்கேன்,” என்றார் மைக்கில்.

கிடங்குக்குள் போனார். ஒரே ஒரு கதவு. ஜன்னல் கிடையாது. பழைய டிவியில் இருட்டு என்றால் சாம்பல் நிறம், அவ்வளவுதான். இதில் இருட்டு இருட்டாகவே இருந்தது. மூலையில் இருந்த பீப்பாய்கள் எல்லாம் ஆள் குந்தியிருப்பதுபோல் தெரிந்தன. அவர் ஒரு பீப்பாயைச் சுட்டார்.

“எதுக்குங்க அதைச் சுட்டீங்க?” என்றாள் மனைவி.

“சந்தேகம்.”

பின்னால் கதவு சாத்திக்கொள்ளும் ஓசை. அதைத் தொடர்ந்து ‘கிளிக்’ என்று ஒரு சத்தம். அவருக்கு உடம்பு தூக்கிப்போட்டது. துப்பாக்கியைக் கதவுப் பக்கம் திருப்பி நீட்டினார். கன்ட்ரோலர் உள்ளங்கையில் வழுக்கியது. வெளியே ஓடும் காலடிகள், வெடிச்சத்தம், யாரோ அலறி விழும் ஓசை. ஒரு காலடி மட்டும் கூட்டத்திலிருந்து பிரிந்து, கிடங்கை நோக்கி, அவசரமில்லாமல் வந்தது. கதவுக்கு வெளியே நின்றது. கைப்பிடி அசைந்தது. கீழே போனது, மேலே வந்தது, மறுபடி கீழே போனது.

இப்போது திறக்கும். திறந்தவுடன் சுட வேண்டும். தாமதமில்லை, சாக்கும் இல்லை. விரல் மரத்துவிட்டது. கண்ணை மூடிக்கொண்டார்.

காலடி விலகிப் போனது.

எவ்வளவு நேரம் அப்படி உட்கார்ந்திருந்தாரோ, திடீரென்று காதுக்குள் கூச்சல். “ஜெயிச்சாச்சு சார்! தலைமை ஆபீஸ் காலி! கிடங்கைக் கட்டிக் காத்துட்டீங்க சார்!”

சக்கரவர்த்தி கண்ணைத் திறந்தார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. மூச்சு மெல்ல மெல்ல வந்தது, அதோடு குரலும். “அது ஒண்ணுமில்லப்பா. தலைவன்னா நிலையா ஒரு இடத்துல நிக்கத் தெரியணும்.” மனைவி அவர் தோளைத் தட்டினாள். மைத்துனன்கூட, “பரவாயில்ல அத்தான், நான் என்னவோ நினைச்சேன்,” என்றான். பயம் இறங்கிய இடத்தில் பழைய கம்பீரம் ஏறி உட்கார்ந்தது. வரலாற்றைப் பற்றி ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

ஆட்டம் முடிந்தால் அந்த விளையாட்டு முக்கியமான காட்சிகளைத் தானாகவே திருப்பிப் போட்டுக் காட்டும். முதல் காட்சியில் கிடங்கின் கதவு வெளிப்புறமிருந்து தெரிந்தது. கேஷியரின் பொம்மை வந்து அதைச் சாத்தி, ஒரு பெரிய பூட்டை மாட்டியது.

“எவ்வளவு தெளிவா தெரியுது பாருங்க,” என்றாள் மனைவி. “பூட்டுல இருக்கற ஆணி வரைக்கும். அவங்க ஏன் உங்களை உள்ள வச்சுப் பூட்டறாங்க?”

மைத்துனன் அவசரமாக ரிமோட்டைத் தேடினான்.

அந்த விளையாட்டில், சொந்த அணிக்காரர் ஒருவரை உள்ளே வைத்து வெளியிலிருந்து பூட்ட வேண்டுமென்றால், மற்றவர்கள் எல்லோரும் சம்மதப் பொத்தானை அழுத்த வேண்டும்.

நான்கு பேரும் அழுத்தியிருந்தார்கள்.