பதினேழாவது மாவீரன்

சண்டை முடிந்து இரண்டு வருஷம் ஆகியும், எங்கள் அல்சாஸ் கிராமத்தில் உருளைக்கிழங்குக்குத் தோண்டினால் எலும்புதான் வந்தது. என் புருஷன் அலோயிஸ், தோற்றுப்போன பிரெஞ்சுப் பட்டாளத்தில் நின்று வலது காலைப் பறிகொடுத்தவர். வெட்டிய காலைப் பெட்டியில் வைத்து எங்கள் பிளம் மரத்தடியில் புதைத்திருந்தார். செத்தால் அதையும் தன்னோடு சேர்த்துப் புதைக்க வேண்டும், உலகத்தின் கடைசி நாளில் செத்தவர்களெல்லாம் எழும்போது தானும் முழு ஆளாக எழுந்திருக்க வேண்டும் என்பது அவருடைய ஒரே ஆசை.

ஜெயித்து எங்கள் ஊரையும் எடுத்துக்கொண்ட ஜெர்மன்காரர்கள் உத்தரவு போட்டார்கள்: பிரெஞ்சுப் பிரஜையாகவே இருக்க விரும்புகிறவன் எழுதிக் கொடுத்துவிட்டு, அக்டோபர் முதல் தேதிக்குள் ஊரைக் காலி செய்ய வேண்டும். இவர் ரோஷக்காரர். வண்டியேறிப் போய் எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். பெட்டியைக் கையோடு கொண்டுபோகலாம் என்று மரத்தடிக்குப் போனால், குழிதான் இருந்தது. செத்த ஜெர்மன் சிப்பாய்களுக்காக ஊரில் எழுப்பிய வெற்றித்தூணுக்கு அடியில் புதைக்க, ஜெர்மன் அதிகாரி லிண்டக்கேயின் ஆட்கள் ஊர் எலும்பையெல்லாம் வாரிக்கொண்டு போயிருந்தார்கள். நான் கத்தியது ஒருவன் காதிலும் ஏறவில்லை.

இருவரும் அதிகாரியிடம் போனோம்.

"ஐயா, அது என் காலு. சின்ன வயசுல செர்ரி மரத்துலேர்ந்து விழுந்து கோணிப்போன காலு. குடுத்துடுங்க."

"முடியாதுப்பா. ஒரு வலது காலுக்கு ஒரு ஆள்னு எண்ணினோம். பதினேழு ஜெர்மன் மாவீரர்கள்னு பெர்லினுக்கு எழுதியாச்சு. கல்லுலயும் வெட்டியாச்சு."

"அதுல ஒரு மாவீரன் உங்க முன்னாடி உசுரோட நிக்கிறேனேய்யா!"

"நீ தோத்தவன். அது எங்க ஆளு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "காலு ஜெர்மன்காரன், மேல இருக்கிற உடம்பு பிரெஞ்சுக்காரனா? நல்லா இருக்குய்யா உங்க நியாயம்!"

லிண்டக்கே சிரிக்கவில்லை. "காலு பக்கத்துல இருக்கணும்னா, எழுதிக் குடுத்ததை வாபஸ் வாங்கச் சொல்லும்மா."

மூன்று நாள் இவர் சாப்பிடவில்லை. நான்காம் நாள் போய்க் கையெழுத்துப் போட்டு வாபஸ் வாங்கினார். பிரான்சுக்காகக் காலைக் கொடுத்த மனுஷன், அந்தக் காலுக்காகப் பிரான்சையே விட்டார்.

அடுத்த செப்டம்பரில் வெற்றி விழா. ஊரே தூண் முன்னால் நின்றது. "தொப்பி!" என்று லிண்டக்கே அதட்டினார். அலோயிஸ் தொப்பியைக் கழற்றினார். கண்ணீர் தாடியில் வழிந்தது.

"பாருங்கய்யா, இவனில்லையா விசுவாசி!" என்று லிண்டக்கே எல்லோருக்கும் காட்டினார்.

இவர் மெல்ல என் பக்கம் சாய்ந்து, பேர் சொல்லி என்னைக் கூப்பிட்டார்.

"ஓடில், கீழ கிடக்கிறவன் என்னைவிட தேவலை. அவன் கையெழுத்துப் போடலை."