ஜெசிந்தா சிஸ்டர் தரைக்குள் இறங்கிய விவரம்

முதுகுளத்தூரிலிருந்து கடற்கரைக்குப் போகிற ரோட்டில், கருவேலங்காட்டை ஒட்டி இருக்கும் அடைப்பு மடத்தில், தவக்காலத்தின் முதல் வெள்ளியன்று ஜெசிந்தா சிஸ்டர் கணுக்கால் வரை சிமெண்டுத் தரைக்குள் இறங்கினார். அதற்கு முன்பே உள்ளங்கால் அளவுக்கு இறங்கித்தான் இருந்தார் என்பதால் மற்ற சிஸ்டர்மார் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. தரை போட்டவர் மணலைக் கூடுதலாகக் கலந்துவிட்டார் என்று மடத்துத் தலைவியான மதர் மட்டும் குறைப்பட்டுக்கொண்டார்.

அந்த மடத்துக்குள் போன பெண்கள் வெளியே வருவதில்லை. வேண்டுவதுதான் அவர்கள் வேலை. விடியுமுன் மணியடித்ததும் கோயிலில் கூடிச் சங்கீதம் பாடுவார்கள். பிறகு வாய் திறக்காமல், கடலோரத்துக் கோயில்களின் பூசைக்கு வேண்டிய அப்பம் சுடுவார்கள். மறுபடியும் பாடப் போவார்கள். ஊருக்கும் அவர்களுக்கும் நடுவே இருந்தது ஒரு சுழல்பெட்டி. சுவரில் பதித்த மரப்பீப்பாய் போன்றது. வெளியே இருப்பவர் பொருளை வைத்துத் தள்ளினால் அது சுற்றிக்கொண்டு உள்ளே வரும். முகம் தெரியாது, குரல் கேட்கும். அதன் உள்பக்கம் நின்று ஊராரின் குறைகளைக் கேட்டு, "வேண்டிக்கிறோம்" என்று மட்டும் சொல்வது ஜெசிந்தா சிஸ்டரின் பொறுப்பு. அதற்கு மேல் ஒரு சொல் பேசக்கூடாது என்பது மடத்துச் சட்டம்.

சுற்றுவட்டாரத்தில் வேதக்கார வீடு, அதாவது கிறிஸ்தவ வீடு, ஒன்றுகூடக் கிடையாது. ஆனாலும் மழை பொய்த்தவர்களும், ஆடு செத்தவர்களும், வயிறு திறக்காத மருமகளை வைத்திருந்தவர்களும் கோழிமுட்டையோ மிளகாய் வத்தலோ கொண்டுவந்து பெட்டியில் வைத்துச் சொல்லிவிட்டுப் போனார்கள். சொன்னது ஒவ்வொன்றும் ஜெசிந்தாவின் காலில் போய் இறங்கியது. தங்கச்சிமடத்தில் வள்ளம் வைத்திருந்தவரின் மகள் அவர். பாரம் ஏற ஏற வள்ளம் தண்ணீரில் அமிழ்வதைப் பார்த்து வளர்ந்தவர். அதனால் தனக்கு நடப்பது என்னவென்று அவருக்குச் சீக்கிரமே விளங்கிவிட்டது. விளங்காதது ஒன்றுதான். வேண்டுதல் மேலே போகும் என்றுதான் அவருக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள்.

ஒரு தடவை சொன்னால் அந்தச் சாமிக்கு மறந்துபோகும் என்று ஊரில் ஒரு எண்ணம் இருந்தது. பஞ்சம்மாள் அதனால்தான் வெள்ளி தவறாமல் வந்தார். வெளிநாட்டில் ஆடு மேய்க்கப் போன மகன் ராம்குமாரிடமிருந்து தீபாவளிக்குப் பிறகு போன் இல்லை. ஒரு கைப்பிடி வத்தலை வைப்பார், அதையே சொல்வார், அழுவார், பஸ்ஸுக்கு ஓடுவார். அவர் சொல்லச் சொல்ல ஜெசிந்தா கெண்டைக்கால் வரை போனார், முழங்கால் வரை போனார். பிறகு காலை உருவ முடியவில்லை. சிஸ்டர்மார் நல்லெண்ணெய் ஊற்றி, அக்குளில் கைகொடுத்து இழுத்துப் பார்த்தார்கள். கஞ்சியை அங்கேயே கொண்டுவந்து புகட்டினார்கள். சங்கீதம் கோயிலில் கேட்கும்போது அவர் இங்கே நின்றபடி உதட்டை அசைப்பார். பிறகு அதையும் விட்டுவிட்டார். யாரிடம் சொல்வது, எல்லாம் என் காலுக்குத்தானே வருகிறது என்று தோன்றிவிட்டது. தவக்கால வழக்கப்படி துணியால் மூடியிருந்த, சிலுவையில் பாடுபட்ட சுரூபத்தைப் பார்க்கவும் அவருக்குப் பிடிக்கவில்லை.

தொடை வரை இறங்கிய வெள்ளிக்கிழமை, வத்தல் பெட்டிக்குள் விழும் சத்தம் கேட்டதுமே ஜெசிந்தா சட்டத்தை மீறினார்.

"அம்மா, இன்னைக்கு ஒன்னும் சொல்லாதீங்க."

வெளியிலிருந்து பஞ்சம்மாள் பெட்டியைத் தட்டிப் பார்த்தார். "அட, உள்ள ஆளு பேசுமா! கிளியத்தான் பழக்கி வச்சிருக்காகன்னுல்ல நெனச்சேன். ஏன் தாயி சொல்லக் கூடாது?"

"ஒரு தடவை சொன்னாப் போதும். அவருக்குத் தெரியும்."

"எங்க கருப்பனுக்கே வருசா வருசம் கெடா வெட்டி ஞாபகப்படுத்த வேண்டிக் கெடக்கு. ஒங்க சாமி அசலூர்க்காரரு. அவருக்கு எம்மகனை அடையாளம் தெரிய வேணாமா?"

"அம்மா, நான் தொடை வரைக்கும் தரைக்குள்ள நிக்கிறேன். இன்னும் ரெண்டு வெள்ளி வந்தீங்கன்னா நெஞ்சுக்கு வந்துரும்."

பஞ்சம்மாள் அதை நம்பாமல் இருக்கவில்லை. "எம்புள்ளையாலயா?" என்று மட்டும் கேட்டார்.

"மத்ததெல்லாம் கணுக்கால் அளவுதான். மீதி பூராவும் உங்க மகன்."

"பெத்தவ நான் குத்துக்கல்லாட்டம் இருக்கேன். ஒனக்கென்ன தலையெழுத்து? குடு இங்கன."

"எப்படிக் குடுக்கிறதுன்னு தெரியலம்மா."

"வாங்கத் தெரிஞ்சுச்சுல்ல? அப்பிடியே வச்சுத் தள்ளு."

ஜெசிந்தா வெறுங்கையைப் பெட்டிக்குள் நீட்டிவிட்டுத் தள்ளினார். பெட்டி அசையவில்லை. வெளியிலிருந்து பஞ்சம்மாள் இழுத்தார். அச்சு முனகியது, மரம் மெதுவாகச் சுற்றியது. மறுபக்கம் ஒரு நீண்ட மூச்சுச் சத்தம் கேட்டது, தண்ணீர்க் குடத்தை இடுப்பில் ஏற்றும்போது வருமே, அதுபோல. "யாத்தே," என்றார் பஞ்சம்மாள். "இம்புட்டா வச்சிருந்தேன் ஒந்தலையில." அதற்குள் ஜெசிந்தா கணுக்கால் வரை மேலே வந்திருந்தார்.

அன்று பஸ் ஒருபக்கம் சாய்ந்தது. கண்டக்டர் காளீஸ்வரன் லக்கேஜ் டிக்கெட் போடப் பார்த்தார். "எங்கடா இருக்கு மூட்டை, காட்டுறா ஏலே!" என்று பஞ்சம்மாள் போட்ட சத்தத்தில் முன்படிக்குப் போய்விட்டார். மறு வெள்ளி பஞ்சம்மாளால் மடத்துப் படியேற முடியவில்லை. வாசலில் உட்கார்ந்தபடியே பெட்டியைத் தள்ளினார். "இந்த வாரம் நீ வச்சுக்க தாயி, அடுத்த வாரம் வாங்கிக்கிறேன்," என்றார். அதிலிருந்து அதுதான் ஏற்பாடு. பஞ்சம்மாள் சுமக்கிற வாரங்களில் அவர் நடந்த இடமெல்லாம் பள்ளமானது. ஐப்பசி மழையில் அவற்றில் தண்ணீர் நின்றது. கணவர் பூமிநாதன் அந்தப் பள்ளங்களில் மிளகாய் நாற்றை ஊன்றினார். ராம்குமாரிடமிருந்து இன்றுவரை போன் இல்லை.

கார்த்திகையில் மதர், பெட்டியடியில் ஜெசிந்தா இறங்கி ஏறி விழுந்த குழியை அடைக்கக் கொத்தனார் பொன்னுச்சாமியை வரவழைத்தார். மடத்துக்குள் ஆண் வந்தால் முன்னே ஒரு சிஸ்டர் மணியாட்டிக்கொண்டு போவது வழக்கம், மற்றவர்கள் ஒதுங்கிக்கொள்வார்கள். ஜெசிந்தா ஒதுங்கவில்லை.

"அடைச்சுராதீங்க. வர்ற வெள்ளி என் முறை."

பொன்னுச்சாமி மதரைப் பார்த்தார். மதர் குழியைப் பார்த்தார். பிறகு பொன்னுச்சாமி கலவையைக் கொஞ்சமாகக் குழைத்து, விளிம்பு காலில் உராயாதபடி சுற்றிலும் வழவழவென்று பூசிவிட்டுப் போனார்.