மூன்றாவது மைக்கில் சத்தம் இல்லை

முனேமிட்சு சார் மன்னிப்புக் கேட்பதற்காகக் கொண்டுவந்த பயறு இனிப்பில் இரண்டு துண்டு தின்றவன் நான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

டோக்கியோவில் அனிமேஷன் தொடர்களுக்குக் குரல் பதிவு செய்வது என் வேலை. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் என் கருவிகள். அந்தப் பக்கம் நான்கு மைக்குகள், வசனப் புத்தகத்தைக் கையில் பிடித்தபடி நடிகர்கள். படம் பெரும்பாலும் வரைந்து முடிந்திருக்காது. வெறும் பென்சில் கோட்டைப் பார்த்து அழுவார்கள், சிரிப்பார்கள். பக்கம் புரட்டும் சத்தம் மட்டும் கேட்கக் கூடாது. கேட்டால் எடுத்தது வீண். யாருடைய சத்தம் என்று அங்கே யாரும் நோண்டிக்கொண்டிருப்பதில்லை. யாராவது ஒருவர் சட்டென்று குனிந்து மன்னிப்புக் கேட்டுவிட்டால் வேலை நகர்ந்துவிடும்.

முனேமிட்சு சாருக்கு எழுபத்தொரு வயது. ஒரு குழந்தைகள் தொடரில் பதினோரு வருடமாகக் கிழட்டு ஆமைக்குக் குரல் கொடுத்தவர். எப்போதும் மூன்றாவது மைக். போன வசந்தத்தில் அவருக்குப் பக்கத்தில், இரண்டாவது மைக்குக்கு ஹினாசே வந்து சேர்ந்தாள். பாட்டுக்காரி, தொடரை எடுக்கும் கம்பெனியே தேர்ந்தெடுத்த பெண். வசனப் புத்தகத்தை விசிறி மாதிரி வீசுவாள்.

முதல் வியாழக்கிழமை, ஆமை அழும் காட்சியில் காகிதம் சரசரத்தது. ஒவ்வொரு மைக்குக்கும் சத்தத்தின் அளவைக் காட்டும் தனி ஊசி என் கருவியில் உண்டு. துள்ளியது இரண்டாவது ஊசி. ஒலி இயக்குநர் தொகாஷி முகம் சுளிப்பதற்குள் முனேமிட்சு சார் குனிந்துவிட்டார். மரியாதைக்காக அல்ல. வயதாகிவிட்டது, தன் கைதான் சொதப்புகிறது என்று நிஜமாகவே நம்பிவிட்டார். அடுத்த வாரமும் இதே கதை. மூன்றாவது வாரம் இனிப்புப் பெட்டியோடு வந்தார், அன்றும் சரசரத்தது. தொகாஷி என் பக்கம் திரும்பி, சாருடையதுதானே என்று கேட்டார். கம்பெனிப் பெண்ணைக் காட்டிக்கொடுத்தால் அடுத்த தொடருக்கு என்னை யார் கூப்பிடுவார்கள்? தலையாட்டினேன். கோழை, வேறென்ன.

மாதக் கடைசியில் அவரே விலகிக்கொண்டார். ஆமைக்கு வேறொருவர் பேசினார். குழந்தைகளுக்கு வித்தியாசமே தெரியவில்லையாம். எனக்குத் தெரிந்தது, வியாழக்கிழமைதோறும்.

இலையுதிர்காலம் வரை தாங்கினேன். பிறகு ஒரு மத்தியானம், அந்தப் பதிவுகளை எடுத்துக்கொண்டு ஓகிகுபோவில் இருக்கும் அவர் வீட்டுக்குப் போனேன். பார்லி டீ ஊற்றிக் கொடுத்தார். பாதி மேஜையில் சிந்தியது. ஈரத் துணியைத் தேடிக்கொண்டே அதற்கும் மன்னிப்புக் கேட்டார்.

"சார், அந்தச் சத்தம் உங்களோடது இல்ல. அந்தப் பொண்ணோடது. எனக்கு அன்னைக்கே தெரியும்," என்றேன்.

கிழவனுக்கு ஆறுதல் சொல்ல வந்திருக்கிறான் என்று நினைத்தாரோ என்னவோ, சிரித்தார். ஹெட்போனை அவர் காதில் மாட்டி, மூன்றாவது மைக்கை மட்டும் ஓடவிட்டேன். ஆமை அழுதது. காகிதச் சத்தம் எங்கோ எட்டத்தில் கேட்டது. அவர் பக்கம் புரட்டிய இடத்தில் அவர் மூச்சைத் தவிர ஒன்றுமில்லை. அடுத்து இரண்டாவதைப் போட்டேன். காதுக்குள்ளேயே சரசரத்திருக்க வேண்டும், முகத்தைச் சுளித்தார்.

ஹெட்போனைக் கழற்றிவிட்டுத் தன் கைகளைப் பார்த்தார்.

"அன்னைக்கெல்லாம் நடுங்கல, தம்பி. நடுங்குதுன்னு நம்பினப்புறம்தான் நடுங்க ஆரம்பிச்சுது."

நாளைக்கே தொகாஷியிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன், ஆமையைத் திரும்ப வாங்கித் தருகிறேன் என்று என்னென்னவோ உளறினேன். அவர் கையை என் முன்னால் நீட்டிக் காட்டினார். வாயை மூடிக்கொண்டேன்.

"அந்தப் பொண்ணுகிட்ட எதுவும் சொல்லிடாதீங்க," என்றார். "புத்தகத்த எப்படிப் பிடிக்கணும்னு மட்டும் காட்டிக் குடுங்க. பயந்துட்டாள்னா அவளுக்கும் கை போயிடும்."

எந்த வாயை மூடி அவரைக் கெடுத்தேனோ, அதே வாயை இன்னொருத்திக்காக மூடிக்கொள்ளச் சொல்கிறார். என்னை மன்னித்ததாக அவர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

பிறகு ஹெட்போனை அவரே எடுத்து மாட்டிக்கொண்டார்.

"மூணாவத இன்னொரு தடவ போடுங்க, தம்பி."

போட்டேன்.